எட்டாம் நம்பருக்குத் துடக்கு

ஐஸ் கொம்பனியில் கோகுலனின் வேலை காலை ஏழு மணிக்கு முடியும். முடிந்ததும் ஒரு வாளி நிறைய உடைத்த ஐஸை அள்ளி, மோட்டார் சைக்கிள் கைப்பிடியில் கொழுவிக்கொண்டு, கடற்றொழில் சங்கக் கட்டடத்து மேல்மாடி அறைக்குப் போவான். அங்கே தங்கியிருக்கிற வெள்ளைக்காரன் தன் இரண்டு கால்களையும் அந்த வாளிக்குள் விட்டுக்கொண்டு இருபது நிமிடம் இருப்பான். தன் இடத்தைப் பிடித்தவனுடைய கால் வீக்கத்துக்குத் தானே ஐஸ் சுமக்கிற கதையைக் கோகுலன் ஆரிடம் சொல்லி அழ? ஒருவரிடமும் சொல்லவில்லை. சுமந்தான். சுமக்கிறது அவனுக்குப் புதிதில்லை.

வெள்ளைக்காரனின் பெயர் கோர்மக். அயர்லாந்துக்காரன், முப்பத்தாறு வயது, உதைபந்தாட்டத்தில் நடுக்கள ஆட்டக்காரன். அந்தப் பெயர் ஊருக்கு வாயில் நுழையவில்லை. இரண்டாம் நாளே 'கோமகன்' ஆக்கிப்போட்டார்கள். டப்ளினில் கடை வைத்திருக்கிற நிருஷன்தான் ஆளைப் பிடித்து அனுப்பினவன். "ஆள் இங்கை புரொபஷனலா விளையாடினவர் அண்ணை. ஆறு கிழமை வைச்சிருங்கோ. கோயில் கப் எங்களுக்குத்தான்" என்று கழகத் தலைவர் தியாகராசாவுக்குப் போனில் சொல்லியிருந்தான். ரிக்கற் நிருஷனுடையது. சாப்பாடு கழகத்தினுடையது. ஐஸ் கோகுலனுடையது.

கோகுலன் கடலரசி விளையாட்டுக் கழகத்தின் எட்டாம் நம்பர். பதினேழு வயதில் அந்த ஜேர்சியைப் போட்டவன். கட்டாரில் கம்பி கட்டின மூன்று வருசத்தைத் தவிர, நடுவில் நின்று பந்தை வாங்கிப் பிரித்துக் கொடுத்தது அவன்தான். இப்போது முப்பத்து மூன்று வயது. இந்த வருசத்தோடு முடிந்துவிடும் என்று முழங்கால் அவனுக்குச் சொல்லிவிட்டது. ஒரே ஒரு ஆசை மிச்சம் இருந்தது. அம்மன் கோயில் கோப்பை இறுதியாட்டத்தில் ஒரு தரம் நடுவில் நிற்க வேண்டும். அவன் ஆடத் தொடங்கின பிறகு கழகம் இறுதிக்குப் போனதே இரண்டு தரம். ஒரு தரம் அவன் கட்டாரில். மற்றத் தரம் துடக்கு.

அந்தத் துடக்குக் கதை ஊருக்கே தெரியும். கடலரசிக்கு ஒரு வழக்கம் இருக்கிறது. இறுதியாட்டம் நடக்கிற அன்று காலை, ஜேர்சிகளை எல்லாம் அம்மன் காலடியில் வைப்பார்கள். ஐயர் திருநீறு பூசி ஒவ்வொன்றாக எடுத்துத் தர, ஆட்டக்காரன் கோயிலுக்குள் நின்று இரண்டு கையாலும் வாங்க வேண்டும். சாவு விழுந்த குடும்பத்துக்கு முப்பத்தொரு நாள் துடக்கு, சாவுத் தீட்டு. துடக்குக்காரன் கோயில் வாசல் மிதிக்கக் கூடாது. வாசல் மிதிக்காதவனுக்கு ஜேர்சி இல்லை.

கோகுலனுக்குப் பத்தொன்பது வயது. இறுதியாட்டத்துக்கு நாலு நாள் இருக்க அவனுடைய பெரியப்பா படுத்த பாயிலேயே போய்விட்டார். அந்த ஆட்டத்தைப் பார்த்து ஆள் எடுக்கக் கொழும்பிலிருந்து ஒரு கழகத்துக்காரர் வருவதாக இருந்தது. கோகுலன் தியாகராசாவின் காலில் விழாத குறை. "அம்மன்டை விசயம் தம்பி. என்ரை கையிலை ஒண்டும் இல்லை" என்றார் அவர். எட்டாம் நம்பரை அன்றைக்கு வாங்கிப் போட்டவன் நிருஷன். கொழும்புக்காரர் நிருஷனைக் கூட்டிக்கொண்டு போனார்கள். இரண்டு வருசம் அங்கே ஆடினான், பிறகு வெளிநாட்டுக்கு விளையாடப் போன இடத்தில் நின்றுவிட்டான். இப்போது டப்ளினில் கடை. கோகுலன் அந்த ஆட்டத்தை மைதானத்துக்கு வெளியே, பனங்கூடலுக்குள் நின்று, சத்தத்தை வைத்துப் பார்த்தான்.

இந்த வருசம் காலிறுதி வரைக்கும் கோகுலன்தான் எட்டு. அடுத்த கிழமை கோர்மக் வந்து இறங்கினான்.

"கோகுலன், நீ ஆளைப் பாத்துக்கொள். உனக்குத்தானே இங்கிலீசு தெரியும்" என்றார் தியாகராசா.

"அப்ப நடுவிலை ஆர்?"

"நடுவுக்குத்தானேடா ஆள் வந்திருக்கு."

"நான்?"

"நீ ரிசேவிலை இரு. ஆளுக்கு ஏதும் நடந்தால் நீதானே."

அடுத்த நாள் சந்தியில் பெரிய பனர் கட்டினார்கள். 'இங்கிலாந்தின் நட்சத்திர வீரர் கோமகன் நடுக்களத்தில்.' பக்கத்தில் இங்கிலாந்துக் கொடி. கோர்மக் அதற்குக் கீழே நின்று அண்ணாந்து பார்த்தான். முகம் கறுத்துப்போனது. தான் அந்தக் கொடிக்காரன் இல்லை என்று கோகுலனிடம் சொன்னான். கோகுலன் போய்த் தலைவரிடம் சொன்னான்.

"எல்லாம் ஒண்டுதான். பக்கத்துப் பக்கத்து ஊர்தானே" என்றார் தியாகராசா.

"எங்களைச் சிங்களவர் எண்டு ஆரும் பனர் கட்டினால் விடுவியளோ?"

"உந்தக் கதையை விட்டிட்டு ஆளுக்கு முட்டை அவிச்சுக் குடு."

பனர் அப்படியே கிடந்தது.

கால் ஐஸில் இருக்கிற அந்த இருபது நிமிடத்தில் கோர்மக் கொஞ்சம் கொஞ்சமாகத் தன் கதையைச் சொன்னான். கட்டாரில் பழகின இங்கிலீசை வைத்துக்கொண்டு கோகுலன் முக்கால்வாசியைப் பிடித்தான். கோர்மக்கின் தகப்பன் பால் ஏற்றுகிற பவுசர் லொறி ஓட்டினவர். பால் எடுக்கப் போகிற வழியில் மகனை ஆட்டத்துக்கு இறக்கிவிட்டு, திரும்பி வருகிற வழியில் ஏற்றிக்கொண்டு போவார். பதினாறு வயதில் இங்கிலாந்தில் ஒரு பெரிய கழகம் எடுத்தது. மூன்று வருசம் மற்றவர்களின் சப்பாத்தைத் துடைத்தான். பெரிய அணிக்கு ஒரே ஒரு தரம் இறக்கினார்கள். பதினொரு நிமிடம். பந்து மூன்று தரம் காலில் பட்டது. பிறகு அவனைச் சின்னக் கழகங்களுக்கு இரவல் கொடுத்தார்கள். இந்த ஊருக்கு ஆறு மாதம், அந்த ஊருக்கு ஒரு வருசம். பத்தொன்பது வருசத்தில் பதினொரு கழகம். கடைசியில் சொந்த நாட்டுக்கே திரும்பி வந்து, பகலில் வீடுகளுக்குப் பெயின்ற் அடித்து, பின்னேரம் ஆடினான். கலியாணம் ஒன்று நடந்து முறிந்தது. பிள்ளை இல்லை.

புரொபஷனல் என்றால் காரும் பங்களாவும் என்றுதான் கோகுலன் நினைத்திருந்தான். கேட்கக் கேட்க, அது ஐஸ் லொறிக்கு நாளாந்தம் ஆள் எடுக்கிறதைப் போலத்தான் இருந்தது. முதுகு பலமாய் இருந்தால் ஏறு. இல்லையென்றால் நில்.

"நீ எந்த இடத்தில் ஆடுகிறாய்?" என்று ஒரு நாள் கோர்மக் கேட்டான்.

"எல்லா இடத்திலும்."

கோர்மக் அவனுடைய கெண்டைக்காலைப் பார்த்தான். ஆட்டுச் சந்தையில் ஆடு பார்க்கிற பார்வை. "நடுவில்" என்றான்.

அரையிறுதியில் கோர்மக் கொடுத்த ஒரு பந்தை வாங்குப் பலகையில் இருந்து கோகுலன் பார்த்தான். நாலு பேருக்கு நடுவால், நூல் பிடித்த மாதிரிப் போய், ஓடுகிறவனின் காலடியில் நின்றது. தன்னுடைய வாழ்நாளில் அப்படி ஒரு பந்து கொடுத்ததில்லை என்று கோகுலனுக்குத் தெரியும். அதுதான் கூடுதலாக வலித்தது. மோசமான ஆட்டக்காரன் இடத்தைப் பிடித்திருந்தால் வாய்விட்டுத் திட்டலாம். இவனை என்ன சொல்லித் திட்ட?

இறுதியாட்டம் ஞாயிற்றுக்கிழமை, அரியாலையிலிருந்து வருகிற அணியோடு. அதற்கு முந்தின புதன்கிழமை காலை வாளியோடு மாடி ஏறினபோது கோர்மக் கட்டிலில் இருந்தான். போன் கவிழ்ந்து கிடந்தது. வாளியைக் கிட்ட வைத்தும் காலை விடவில்லை.

"அப்பா நேற்றுச் செத்துப்போனார்" என்றான். வெயில் கூட என்று சொல்கிற குரலில் சொன்னான்.

செத்தவீட்டில் எங்கள் சனம் வார்த்தை தேடுவதில்லை. போய்க் கையைப் பிடிக்கும், பக்கத்தில் இருக்கும். கோகுலன் அவனுடைய கையைப் பிடித்தான். சாவுக்குச் சொல்ல இங்கிலீசில் அவனுக்குத் தெரிந்த ஒரே சொல் 'சொறி'. விசா முடிந்தவனை அனுப்பும்போது கட்டாரில் கங்காணி சொல்கிற சொல் அது. அதைச் சொல்ல மனம் வரவில்லை.

"போகவில்லையோ?" என்று மட்டும் கேட்டான்.

வெள்ளிக்கிழமை அடக்கம் என்றான் கோர்மக். இன்றைக்கே வெளிக்கிட்டால் போய்ச் சேரலாம். "ஆனால் பத்தொன்பது வருசத்தில் நான் ஒரு இறுதியாட்டம்கூட ஆடவில்லை. பதினொரு கழகம். ஒன்றுகூட இல்லை. அப்பாவுக்கு அது பெரிய குறை. ஞாயிற்றுக்கிழமை இந்த ஆட்டத்தைப் போனில் போட்டுக் காட்டச் சொல்லி, வயோதிபர் இல்லத்து நேர்ஸிடம் சொல்லி வைத்திருந்தாராம். அதை ஆடாமல் போனால் எந்த முகத்தோடு அவருடைய பெட்டிக்குப் பக்கத்தில் நிற்க?"

பிறகு, "ஒருவருக்கும் சொல்லாதே. ஆட்கள் இரக்கப்பட்டால் என்னால் ஓட முடியாது" என்றான்.

கோகுலன் தலையாட்டினான். வாளியில் ஐஸ் பாதி கரைந்திருந்தது. கொண்டுபோய்க் கீழே ஊற்றினான். ஊற்றும்போதுதான் மண்டைக்குள் அந்த நினைப்பு விழுந்தது. தகப்பன் செத்திருக்கிறார். கோர்மக் துடக்குக்காரன்.

வீட்டில் பிரசாந்தி கிணற்றடியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். கோகுலன் போய்க் குந்தி, நடந்ததைச் சொன்னான்.

"ஐயோ பாவம். தன்னந்தனியா உந்த அறைக்குள்ளை" என்றாள் அவள். "சோறு குடுத்து விடட்டோ?"

"அதில்லை. ஆளுக்குத் துடக்கெல்லே."

பிரசாந்தி கத்தியை நிறுத்தினாள். "அதுக்கு?"

"தெரிஞ்சுகொண்டு கோயிலுக்குள்ளை விட்டால் குத்தமெல்லே. தலைவருக்குச் சொல்லத்தானே வேணும்."

"இஞ்சாருங்கோ, ஒண்டு கேக்கிறன், உண்மையைச் சொல்லுங்கோ. உங்களுக்கு அம்மன்லை பயமோ, எட்டாம் நம்பர்லை ஆசையோ?"

"ரெண்டும்தான்."

"ரெண்டும் எண்டால் ரெண்டாவதுதான்" என்று அவள் மீனைத் திருப்பிப் போட்டாள். "அந்த மனுசன் உங்களை நம்பிச் சொல்லியிருக்கு."

"எனக்கு அண்டைக்கு ஆர் பாவம் பாத்தது?"

அவள் செதில்களைத் தண்ணீர் ஊற்றிக் கழுவினாள்.

வியாழன் பின்னேரம் தியாகராசா மைதானத்தில் நின்று கோட்டுக்குச் சுண்ணாம்பு போடுவித்துக்கொண்டிருந்தார். வெள்ளை வேட்டி, கையில் போன். கோகுலன் அவரைக் கோல் கம்பத்தடிக்குத் தள்ளிக் கொண்டுபோய் விசயத்தைச் சொன்னான். தலைவரின் முகம் மாறும் என்று பார்த்தான். முகம் மாறவில்லை.

"ஆருக்கும் சொன்னனியே?"

"இல்லை. உங்களுக்குத்தான்."

"நல்லது. வாயை மூடிக்கொண்டிரு."

"அப்ப துடக்கு?"

"வெள்ளைக்காரனுக்கு என்னடா துடக்கு? அவனுக்கு எட்டாம் நாள் சடங்கும் இல்லை, முப்பத்தொராம் நாள் அந்திரட்டியும் இல்லை. பெட்டியை இறக்கிப் போட்டு அண்டைக்கே இறைச்சி தின்னுற சாதி."

"எனக்கு மட்டும் அண்டைக்குத் துடக்கு."

"நீ எங்கடை பிள்ளை. எங்கடை சட்டம் எங்கடை பிள்ளையளுக்குத்தான்."

"பெரியப்பாதானே செத்தவர். இவருக்குச் சொந்தத் தேப்பன்."

தியாகராசா அவனை மேலும் கீழும் பார்த்தார். "கோகுலன், நீ அம்மனுக்காக வந்து நிக்கேல்லை. எனக்குத் தெரியாதே? நிருஷன் நேரலைக்கு ஆள் பிடிச்சிருக்கிறான். கனடா, லண்டன், பிரான்ஸ் எல்லாம் பாக்கப்போகுது. கோமகன் இல்லாமல் உன்னைக் காட்டவோ?" என்று சொல்லிவிட்டு, கோடு போடுகிறவனைப் பார்த்துக் கத்தினார். "டேய், வளையுது, வளையுது! உன்ரை கண்ணென்ன பொட்டையோ?"

கோகுலன் சுண்ணாம்புக் கோட்டை மிதிக்காமல் தாண்டி வெளியே வந்தான். நம்பிச் சொன்னவனைக் காட்டிக்கொடுத்தாயிற்று. கையில் ஒன்றும் மிஞ்சவில்லை.

வெள்ளிக்கிழமை காலையும் ஐஸ் கொண்டு போனான். கோர்மக் காலை உள்ளே விட்டபடி, "நீ நல்ல மனிதன்" என்றான். கோகுலன் ஜன்னலுக்கால் கடலைப் பார்த்தான். அன்று பின்னேரம் அங்கே, அவனுடைய ஊரில், அடக்கம். தேவாலயத்தில் நடப்பதைப் போனில் காட்டுவார்களாம். "நீயும் இருக்கிறாயா?" என்று கோர்மக் கேட்டான். வேலை இருக்கிறது என்று கோகுலன் பொய் சொன்னான்.

ஆனாலும் பின்னேரம் கால் இழுத்துக்கொண்டு வந்துவிட்டது. மாடி ஏறவில்லை. படிக்குக் கீழே மோட்டார் சைக்கிளில் இருந்தான். மேலேயிருந்து பாட்டுச் சத்தம் மெல்லியதாக வந்தது. நடுவில் அறுந்தது, பிறகு வந்தது. சிக்னல் போதாது. ஒழுங்கையால் கழகத்துப் பெடியள் லாண்ட்மாஸ்டர் உழவு இயந்திரத்தில் ஒலிபெருக்கி கட்டிக்கொண்டு போனார்கள். "கோமகன் களம் இறங்குகிறார்!" என்று அது கத்தியது. "அண்ணை, வெள்ளைக்குக் காவலோ?" என்று ஒருவன் கோகுலனைப் பார்த்துச் சிரித்தான். லாண்ட்மாஸ்டர் போய் முடிய, மேலே பாட்டும் முடிந்திருந்தது. பத்துப் படி ஏறினால் கதவு. ஏறிப் போய் என்னவென்று முகம் பார்க்கிறது? மோட்டார் சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போனான்.

ஞாயிறு காலை கோயில். ஐயர் எட்டாம் நம்பரை எடுத்தார். கோர்மக் யாரோ கட்டிவிட்ட வேட்டியோடு நின்று இரண்டு கையாலும் வாங்கி, கண்ணில் ஒற்றினான். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. பெண்கள் "பாரன், எங்கடை பிள்ளை மாதிரி" என்று பூரித்தார்கள். தியாகராசா கோகுலனைப் பார்க்காமல் தேவாரத்துக்கு வாய் அசைத்தார். கோகுலனுக்குப் பதினாறாம் நம்பர் கிடைத்தது. அதற்கு மடிப்பே கலையவில்லை.

அன்று ஒரு படகும் கடலுக்குப் போகவில்லை. ஊர் முழுக்க மைதானத்தில். முதல் பாதியில் கோர்மக் ஆடினது ஆட்டம். பந்து அவனைத் தேடி வந்தது. தொட்டுத் தொட்டு அனுப்பினான். இரண்டு தரம் கோல் கம்பத்தில் பட்டுத் திரும்பியது. ஊர் எழும்பி நின்று "கோமகன்! கோமகன்!" என்று கூவியது. அவன் ஒவ்வொரு தரமும் நேரலைக்குப் போன் கட்டி வைத்திருந்த மூங்கில் கம்பத்தைப் பார்த்ததைக் கோகுலன் மட்டும் கண்டான். அந்தப் போனுக்கு மற்றப் பக்கத்தில் இருக்க வேண்டியவர் இல்லை.

இடைவேளைக்குப் பிறகு வெயில் ஆளைத் தின்றது. அறுபதாவது நிமிடம் கோர்மக் முழங்காலில் கையை ஊன்றி நின்றான். அறுபத்தைந்தில் ஒரு பந்தைத் துரத்தாமல் விட்டான். அப்படி நிற்கிறவனை வெளியே எடுக்க வேணும், இல்லையென்றால் நடு திறந்துவிடும். அது கோகுலனுக்குத் தெரிந்த வேலை. எழும்பிக் கோட்டுக்கு வெளியே ஓடி உடம்பைச் சூடாக்கினான். தலைவர் பார்க்கவில்லை. கிட்டப் போனான்.

"தலைவர், ஆள் முடிஞ்சுது. என்னை விடுங்கோ. இருபது நிமிசம்."

"இரடா."

"கால் இழுக்குது பாருங்கோ."

"நிருஷன் பாத்துக்கொண்டிருக்கிறான். வெள்ளையை எடுத்தால் அவன் என்னைக் கிழிப்பான். போய் இரு!"

எண்பத்து மூன்றாவது நிமிடம். கோர்மக் நடுவில் நின்று பின்னால் ஒரு பந்தைத் தட்டினான். பலம் போதவில்லை. பந்து பாதி வழியில் புழுதிக்குள் களைத்துப்போய் நின்றது. அரியாலைக்காரன் ஒருவன் ஓடி வந்து எடுத்துக் கோலுக்குள் அடித்தான். ஒன்றுக்குப் பூச்சியம். அதோடு முடிந்தது.

மத்தியஸ்தர் ஊதினார். பிறகு எல்லோருக்கும் ஒரே நேரத்தில் வாய் வந்தது. "காசு குடுத்துக் கிழவனைக் கொண்டு வந்தவங்கள்", "நிருஷனைக் கேக்க வேணும்", "தலைவர் என்னத்துக்கு இருக்கிறார்?" கடைசிக் கேள்வியோடு தியாகராசா கதிரையில் ஏறி நின்றார்.

"எல்லாரும் கேளுங்கோ. இந்த வெள்ளைக்காரன்டை தேப்பன் செத்து நாலைஞ்சு நாள். துடக்கோடை கோயிலுக்குள்ளை வந்து அம்மன்டை சட்டையை வாங்கியிருக்கிறான். பிறகு எப்பிடி வெல்லுறது?"

காலையில் பூரித்த பெண்கள் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்தினார்கள்.

"உங்களுக்கு எப்பிடித் தெரியும்?" என்று யாரோ கேட்டார்கள்.

"இப்பதான் தெரியும். கோகுலனுக்கு முதலே தெரியும். பக்கத்திலை இருந்தவன் அவன்தானே. மறைச்சுப்போட்டான்."

கோகுலன் வாயைத் திறந்தான். நான் உங்களுக்குச் சொன்னேன் என்று சொல்ல வேண்டும். சொன்னால் அடுத்த கேள்வி, ஏன் எங்களுக்குச் சொல்லவில்லை என்பது. தலைவரிடம் மட்டும் போய் ஏன் சொன்னாய் என்பது. அதற்கான மறுமொழி அவனுடைய முதுகில் இல்லாத எட்டாம் நம்பர். வாயை மூடினான்.

"எரிஞ்சிருப்பான். வெள்ளை தோக்கட்டும் எண்டு விட்டிருப்பான்" என்று ஒரு குரல் சொன்னது. அது அவனோடு ஐஸ் சுமக்கிற சுபாங்கனின் குரல்.

கோர்மக் ஒன்றும் விளங்காமல் கோட்டில் நின்றான். ஜேர்சியைக் கழற்றிக் கதிரையில் போட்டான். தியாகராசா அதை ஒரு கொடித் தடியால் தூக்கி வேலிக்கு மேலால் எறிந்தார். "இனிக் கழகத்திலை எட்டாம் நம்பர் இல்லை. பத்துப் பன்னிரண்டு எண்டு எதையாவது போடுங்கோ. எட்டு வேண்டாம்" என்றார். எல்லோரும் ஓம் என்றார்கள்.

அடுத்த நாள் காலை கோர்மக்கை ஏற்ற வான் வருவதாக ஏற்பாடு. வான் வரவில்லை. தலைவர் போனை எடுக்கவில்லை. கோகுலன் மோட்டார் சைக்கிளில் பையை முன்னால் வைத்து, ஆளைப் பின்னால் ஏற்றிக்கொண்டு, வராணி வழியால் கொடிகாமம் ஸ்ரேசனுக்குப் போனான். வழி நெடுகக் கோர்மக்கின் வீங்கின முழங்கால் அவனுடைய இடுப்பில் இடித்துக்கொண்டு வந்தது.

கொழும்பு ரயில் ஒரு மணித்தியாலம் பிந்தி வரும் என்றார்கள். இருவரும் வாங்கில் இருந்தார்கள்.

"நேற்று அந்த மனிதர் என்ன சொன்னார்? ஏன் என்னைத் தொடாமல் விலகினார்கள்?" என்று கோர்மக் கேட்டான்.

கோகுலன் துடக்கைப் பற்றிச் சொன்னான். முப்பத்தொரு நாள், கோயில், ஜேர்சி, பத்தொன்பது வயதில் பனங்கூடலுக்குள் நின்றது, எல்லாம். தெரிந்த இங்கிலீசு போதவில்லை, கையாலும் சொன்னான். பிறகு கண்ணை எடுக்காமல், "நான் சொல்லிவிட்டேன். வியாழக்கிழமை. அவரிடம். எட்டு எனக்கு வரும் என்று" என்றான்.

கோர்மக் தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். கோபம் வரும் என்று கோகுலன் காத்திருந்தான். ஒரு குத்து விட்டாலும் வாங்கியிருப்பான்.

"அந்தத் துடக்கில் இருக்கிறவன் என்ன செய்வான்?" என்று கோர்மக் கேட்டான்.

"வீட்டில் இருப்பான். சனம் வரும்."

"முப்பத்தொரு நாளுமா?"

"எட்டாம் நாள் சடங்கு வரைக்கும் நெடுகலும் வரும். சோறு கொண்டு வரும். ஆரும் ஒருவர் பக்கத்தில் இருப்பார்கள். கதைக்கத் தேவையில்லை."

"ஊருக்குச் சொல்லியிருந்தால் என்னிடமும் வந்திருப்பார்களா?"

கோகுலன் யோசித்தான். கிணற்றடியில் பிரசாந்தி கேட்ட முதல் கேள்வி சோறு குடுத்து விடட்டோ என்பது. "ஓம்" என்றான். "வந்திருப்பார்கள்."

"நீ ஒருவரிடம் மட்டும் சொன்னாய்" என்றான் கோர்மக். குற்றம் சொல்கிற குரல் இல்லை. ஆட்டம் முடிந்து, எந்த இடத்தில் பந்து போனது என்று பார்க்கிற குரல். "அறைக்குள் நாலு நாள் இருந்தேன். கதவு தட்டுகிற சத்தம் உன்னுடைய வாளிச் சத்தம் மட்டும்தான்."

கச்சான் விற்கிறவள் வந்து கேட்டுப் பார்த்துவிட்டுப் போனாள். கோகுலன் எழும்பவில்லை, போனை எடுக்கவில்லை. கோர்மக்குக்குப் பக்கத்தில் தோள் முட்ட இருந்தான். செத்தவீட்டில் இருக்கிற மாதிரி. இடையில் கோர்மக் பால் பவுசரைப் பற்றிச் சொன்னான். மழை நாளில் அதற்குள் பால் தளும்புகிற சத்தம் கேட்குமாம். கோகுலன் "ம்" என்றான். ஐந்து நாளுக்கு முதல் செய்திருக்க வேண்டிய வேலை. ரயில் வரும் வரைக்கும் செய்தான்.

ரயில் வந்தது. பையைத் தூக்கிக் கொடுத்தான். கோர்மக் கை கொடுத்தான். பெட்டிக்குள் போய் ஜன்னலடியில் இருந்தவன் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்க வேண்டிய கடமையும் அவனுக்கு இல்லை.

திரும்பி வருகிற வழியில் மைதானத்தடியில் கோகுலன் இறங்கினான். ஜேர்சி வேலிக்கு அப்பால் நாயுண்ணிப் பற்றையில் தொங்கியது. வீட்டுக்குக் கொண்டு போனான். பிரசாந்தி படலையடியிலேயே மறித்தாள்.

"துடக்குச் சட்டையை உள்ளுக்குக் கொண்டு வராதேங்கோ. ஏற்கெனவே ஊர் எங்களோடை கதைக்கேல்லை. கடையிலை உதயகலா என்னைக் கண்டிட்டு முகத்தைத் திருப்பிறாள்."

"எங்கை வைக்க?"

"எங்கையெண்டாலும் வையுங்கோ. இஞ்சை வேண்டாம்."

அடுத்த நாள் விடிய ஐஸ் கொம்பனியில் அதைப் போட்டுக்கொண்டு நின்றான். ஐஸ் கட்டி சுமக்கிறவர்கள் முதுகுக்குச் சாக்குப் போடுவார்கள். அவன் சாக்குக்கு உள்ளே எட்டாம் நம்பரைப் போட்டிருந்தான். மற்றவர்கள் இரண்டு இரண்டு பேராக ஐஸ் கட்டியைத் தூக்கிப் பிடித்தார்கள். அவனோடு பிடிக்க ஒருவரும் வரவில்லை. சுபாங்கன் லொறியின் மேலே நின்று குனிந்து பார்த்தான்.

"என்ன அண்ணை, இறுதியாட்டமோ?"

இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள்.

"ஓம்" என்றான் கோகுலன். கொக்கியைக் கட்டியில் குத்தி, தனியே இழுத்து, முதுகில் ஏற்றினான். கரைந்த தண்ணீர் சாக்கைக் கடந்து எட்டாம் நம்பரை நனைத்தது. லொறி முற்றத்து நடுவில் நின்றது. அவன் அதை நோக்கி நடந்தான்.